பாட்டுக்காரிக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தவர்

பில்லி வைல்டர் 1961இல் எடுத்த 'ஒன், டூ, த்ரீ' படத்தில் கிழக்கு பெர்லின் ஹோட்டல் ஒன்று வரும். கிராண்ட் ஹோட்டல் பொட்டெம்கின். பெயரில்தான் 'கிராண்ட்'; உள்ளே எல்லாம் பழசு. மந்தமாக நகரும் ஜோடிகள், மேடையில் ஒரு பேண்டு, அந்த பேண்டை நடத்திக்கொண்டே வாழைப்பழத்தைப் பற்றி ஜெர்மனில் பாடும் ஒரு வயதானவர். கொஞ்ச நேரத்தில் ஜேம்ஸ் காக்னி மூன்று சோவியத் அதிகாரிகளோடு பேரம் பேச உட்காருவார். அவருடைய செக்ரட்டரியாக வரும் லிஸெலோட்டே புல்வர் மேசைமேல் ஏறி ஆடுவார். பேண்டு கச்சதூரியனின் வாள் நடனத்தைப் போட்டுத் தாக்கும். அப்புறம் அந்தக் கிழவரை யார் பார்க்கப்போகிறார்கள்? முதல் தடவை நானும் பார்க்கவில்லை.

அவர் ஃப்ரீட்ரிஹ் ஹொலெண்டர். மார்லீன் டீட்ரிஹ் என்ற நடிகையை ஒரே இரவில் உலகம் அறியச் செய்த பாட்டுக்கு மெட்டும் வரியும் அவருடையவை. பெர்லின், பாரிஸ், ஹாலிவுட், மியூனிக் என்று நாலு ஊரில் வேலை பார்த்தவர். நாலு முறை ஆஸ்கர் பரிந்துரைக்குப் போய் வெறுங்கையோடு திரும்பியவர். ஆனால் இந்தப் படத்துக்கு இசை அவர் இல்லை. இசை ஆந்த்ரே ப்ரெவின். 1929இல் பெர்லினில் பிறந்து, நாஜிகளிடமிருந்து தப்பிக் குடும்பத்தோடு அமெரிக்கா போனவர். அதாவது ஒரு பெர்லின் அகதி இசையமைத்த படத்தில், இன்னொரு பெர்லின் அகதி, மூன்றாவது அகதியான இயக்குநருக்காக, பேண்டு மாஸ்டராக வேஷம் கட்டியிருக்கிறார்.

ஹொலெண்டர் திரையில் முகம் காட்டியதே சில முறைதான், அதுவும் துண்டு துண்டாக. இசையமைப்பாளர் ஆசைக்கு ஒரு காட்சியில் தலைகாட்டுவது எல்லா ஊரிலும் உள்ள வழக்கம், இதையும் அந்தக் கணக்கில் சேர்த்துவிடலாமே என்று தோன்றும். நான் சேர்க்கமாட்டேன். அவர் எந்தப் படத்தில், எந்த ஆண்டில், யார் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார் என்று பார்த்தால், அவர் இசை எங்கிருந்து வந்தது என்பது பிடிபடும்.

கதை லண்டனில் தொடங்குகிறது. 1896 அக்டோபர் 18இல் அங்கே பிறந்தார். அப்பா விக்டர் ஹொலெண்டர் ஆபரெட்டா என்ற இலகுவான இசைநாடகங்களின் இசையமைப்பாளர், அப்போது பார்னம் அண்ட் பெய்லி சர்க்கஸில் இசை நடத்திக்கொண்டிருந்தார். அம்மா மேடைப் பாடகி. ஒரு பெரியப்பா பெர்லினின் ஸ்டெர்ன் இசைப்பள்ளிக்குத் தலைவர். இன்னொரு உறவினர் ஃபெலிக்ஸ் ஹொலெண்டர் நாவலாசிரியர், நாடக மேதை மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் வலதுகை. பிள்ளை வேறு தொழிலுக்குப் போயிருந்தால்தான் ஆச்சரியம். குடும்பம் பெர்லின் திரும்பிய பிறகு, 'ஹேன்ஸல் அண்ட் கிரேட்டல்' ஆபரா எழுதிய ஹும்பர்டிங்கிடம் முறையாக இசை படித்தார். சாயங்காலமானால் பக்கத்துத் திரையரங்கில் ஊமைப்படங்களுக்கு பியானோ வாசித்தார். பகலில் இலக்கணம், ராத்திரியில் படத்தில் என்ன வருகிறதோ அதற்கேற்ப விரல் போன போக்கு. இந்த இரண்டு பள்ளிகளில் எது அவரை ஆளாக்கியது என்று கேட்டால், இரண்டாவது என்றுதான் சொல்வேன்.

முதல் உலகப்போர் முடிந்து, பேரரசர் நாட்டைவிட்டு ஓடி, தணிக்கை தளர்ந்த நேரம். 1919 கடைசியில் ரைன்ஹார்ட் தன் பெரிய நாடக அரங்கின் அடித்தளத்தில் 'ஷால் உண்ட் ராஹ்' என்ற கேபரேயைத் திறந்தார். 'சத்தமும் புகையும்' என்று பொருள். டுஹோல்ஸ்கி, மேரிங், ரிங்கல்நாட்ஸ் போன்ற கவிஞர்கள் எழுத, ஹொலெண்டர் மெட்டமைத்து வாசித்தார்.

கேபரே என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது பழைய படங்களில் வில்லனின் கிளப்பில் நடக்கும் ஆட்டம். பெர்லின் கேபரே அதுவல்ல. சின்ன மேடை, நெருக்கமான மேசைகள், அன்று காலைப் பேப்பரில் வந்த செய்தியை அன்று இரவே கிண்டலடிக்கும் பாட்டு. பாடுபவருக்குப் பெரிய குரல் தேவையில்லை. பாட்டில் வரும் ஆளாகவே மாறி நிற்கத் தெரியவேண்டும், அவ்வளவுதான். பியானோக்காரர் மேடைக்கு அடியில் ஒளிந்திருக்கமாட்டார், பக்கத்திலேயே இருப்பார். பாடகி ஒரு வார்த்தையை இழுத்தால் அவர் காத்திருப்பார். அவள் கண்ணடித்தால் அவர் ஒரு சுரத்தால் பதில் சொல்வார். கூட்டம் சிரித்தால் சிரிப்பு அடங்கும்வரை விரல் சும்மா உலவிக்கொண்டிருக்கும். அதுவும் ஒரு நடிப்புதான். ஹொலெண்டர் சினிமாவுக்கு வருவதற்குப் பத்து வருடம் முன்பே மேடையில் நடிகர் என்று நான் சொல்வது இதனால்தான்.

அந்த மேடையில் அவருக்குக் கிடைத்த பாடகி பிளாண்டினே எபிங்கர். ஒல்லியான உருவம், பெரிய கண்கள். இருவரும் 1919இல் திருமணம் செய்துகொண்டார்கள். அவருக்காக ஹொலெண்டர் 'ஓர் ஏழைச் சிறுமியின் பாடல்கள்' என்று ஒரு வரிசையே எழுதினார். வரியும் அவருடையதே, பெர்லின் சேரிப் பேச்சில். அதில் ஒரு பாட்டில், அந்தச் சிறுமி தான் செத்த பிறகு எப்படி இருக்கும் என்று கனவு காண்கிறாள். வெள்ளைப் பட்டு உடுத்திச் சவப்பெட்டியில் 'அடக்கமாக' படுத்திருப்பாளாம். உயிரோடிருக்கையில் கிடைக்காத பட்டுச்சேலை, செத்த அன்றைக்கு. கேட்பவர் சிரிக்கவும் முடியாமல், அழவும் முடியாமல் மாட்டிக்கொள்கிறார். மெட்டோ ஒரு குழந்தை தனக்குத்தானே முணுமுணுப்பதுபோல எளிமை. இந்த எளிமைதான் பின்னால் டீட்ரிஹ்குக் கைகொடுத்தது. 'ஜானி, உனக்குப் பிறந்தநாள் வந்தால்' என்ற பாட்டும் எபிங்கருக்காக எழுதியதே. பிறகு டீட்ரிஹ் அதைத் தன்னுடையதாக்கிக்கொண்டார்.

இருபதுகளின் நடுவில் அவர் வரிசையாக ரெவ்யூக்கள் போட்டார், அதாவது பாட்டும் கிண்டலும் கலந்த மேடை நிகழ்ச்சிகள். அவற்றில் வாசித்த ஜாஸ் குழு வைன்ட்ராப்ஸ் ஸிங்கோபேட்டர்ஸ். அந்தக் குழுவின் பியானோக்காரப் பையன் ஃப்ரான்ஸ் வாக்ஸ்மன், பின்னாளில் ஹாலிவுட்டில் இரண்டு ஆஸ்கர் வாங்கப்போகிறவன்.

சரி, டீட்ரிஹ் கேபரே பாடகியாக நடித்து உலகப் புகழ் பெற்ற 'நீலத் தேவதை' படத்துக்கு வருவோம்.

1929 கடைசி, பாபெல்ஸ்பெர்க்கில் ஊஃபா ஸ்டூடியோ. தயாரிப்பாளர் எரிஹ் பொம்மர், இயக்குநர் ஜோசஃப் ஃபான் ஸ்டெர்ன்பெர்க், நாயகன் எமில் யானிங்ஸ். கதை ஹைன்ரிஹ் மான் 1905இல் எழுதிய நாவல்: கண்டிப்பான பள்ளி ஆசிரியர் ஒருவர், தன் மாணவர்களைக் கெடுக்கிறாள் என்று ஒரு கேபரே பாடகியைத் தேடிப்போய், தானே அவள் காலடியில் விழுந்து அழிந்துபோவது. பேசும்படம் வந்த புதிது. ஜெர்மனிலும் ஆங்கிலத்திலும் ஒரே நேரத்தில் இரண்டு பதிப்புகள் எடுத்தார்கள். 1930 ஏப்ரல் 1 அன்று பெர்லினின் க்ளோரியா பலாஸ்ட் அரங்கில் வெளியானது.

இந்தப் படத்தின் ஒலியை ஒருமுறை காதை மட்டும் திறந்து வைத்துக்கொண்டு கேட்கவேண்டும். பின்னணி இசை என்று இன்று நாம் சொல்வது இதில் அநேகமாக இல்லை. பாடகியின் ஒப்பனை அறையில் ஆசிரியர் நிற்கிறார். கதவு திறந்தால் மேடையின் பாட்டும் கூச்சலும் உள்ளே கொட்டுகிறது. கதவு சாத்தினால் கத்தரித்ததுபோல நிற்கிறது. ஊர் மணிக்கூண்டு மணியடிக்கும்போது 'என்றும் விசுவாசமும் நேர்மையும் காப்பாய்' என்ற பழைய நீதிப்பாட்டின் மெட்டை ஒலிக்கிறது. அது மொத்ஸார்ட்டின் மெட்டு. ஊர் நீதி மணிக்கூண்டில், ஊர் ஆசை கேபரேயில். இரண்டும் காதில் விழும் தூரத்தில். எந்த இசையும் ஆகாயத்திலிருந்து வருவதில்லை, எங்கோ ஒருவர் வாசித்தால்தான் கேட்கிறது. அப்படிப்பட்ட படத்தில் வாசிப்பவரைக் காட்டத்தானே வேண்டும்? மேடையில் ஸிங்கோபேட்டர்ஸ் இருக்கிறார்கள், டைட்டிலில் பெயர் போடாத பியானோக்காரராக ஹொலெண்டரும் இருக்கிறார். மெட்டு போட்டவரே மேடையில், வாத்திய அமைப்பைச் செய்தது வாக்ஸ்மன். ஒரு நிஜ கேபரேயின் குழுவை அப்படியே ஸ்டூடியோவுக்குள் தூக்கிக்கொண்டு போனதுபோலத்தான்.

பாட்டு விஷயத்தில் கொஞ்சம் நிற்கவேண்டும். உலகம் 'ஃபாலிங் இன் லவ் அகெய்ன்' என்று அறிந்திருப்பது ஆங்கிலப் பதிப்புக்காக ஸாமி லெர்னர் எழுதிய வரி. மறுபடி காதலில் விழுகிறேன், நான் என்ன செய்ய, என்று கைவிரிக்கும் பெண். ஹொலெண்டரின் ஜெர்மன் வரியில் அந்தப் பெண்ணே வேறு. 'உச்சி முதல் உள்ளங்கால் வரை நான் காதலுக்கென்றே அமைக்கப்பட்டவள்' என்கிறாள். அவர் போட்ட சொல் 'ஐன்கெஷ்டெல்ட்'. ஒரு கருவியைக் குறிப்பிட்ட வேலைக்குத் திருகிச் சரிசெய்து வைப்பதற்கும் ஜெர்மனில் அதே சொல்தான். இது காதல் மொழியே இல்லை, மெக்கானிக் மொழி. விழுவதாக அவள் சொல்லவே இல்லை, விழுபவர்கள் ஆண்கள். விளக்கைச் சுற்றும் விட்டில்களாக வருகிறார்கள், எரிந்துபோனால் அதற்கு நான் பொறுப்பா என்று கேட்கிறாள். விட்டில் பூச்சி உவமை நமக்கொன்றும் புதிதல்ல. ஆனால் விளக்கே வாய் திறந்து பேசி, 'நான் இப்படித்தான்' என்று தோளைக் குலுக்குவது புதிது.

மெட்டு நிதானமான வால்ட்ஸ், மூன்று தட்டு. பெரிய தாவல் எதுவும் கேட்காத மெட்டு. டீட்ரிஹ் குரல் வளம் பெற்ற பாடகி அல்ல. பாதி பேச்சு, பாதி பாட்டு. கேபரே பாணியில் வளர்ந்த இசையமைப்பாளருக்கு அது குறையாகத் தெரியவில்லை, வசதியாகத்தான் தெரிந்திருக்கும். படத்தில் இதே பாட்டு இரண்டு முறை வருகிறது. முதல் முறை மாடத்தில் உட்கார்ந்திருக்கும் ஆசிரியரைப் பார்த்துப் பாடுகிறாள். அதில் குறும்பு இருக்கிறது, கொஞ்சம் பாசமும்கூட. கடைசியில், அந்த மனிதன் கோமாளியாகிப் பைத்தியம் பிடித்து ஓடிய பிறகு, நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்து அதே மெட்டைப் பாடுகிறாள். இப்போது அது மிரட்டல்.

இன்னொரு விஷயம். இந்தப் படத்தின் மற்ற சில பாட்டுகளுக்கு வரி எழுதியவரும் திரைக்கதையில் பங்கெடுத்தவருமான ராபர்ட் லீப்மன், மந்திரவாதியாக நடித்த கர்ட் கெரோன், இருவரையும் நாஜிகள் ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் கொன்றார்கள். இது தெரிந்த பிறகு அந்தக் கேபரே காட்சிகளைப் பழையபடி பார்க்க முடிவதில்லை.

மறுவருடம் ஹொலெண்டருக்குச் சொந்தக் கடை. 1931 ஜனவரியில் டெயாட்டர் டெஸ் வெஸ்டென்ஸின் அடித்தளத்தில் 'டிங்கல் டாங்கல்' என்ற தன் கேபரேயைத் திறந்தார். அங்கே போட்ட ஒரு ரெவ்யூவில் வந்த பாட்டின் பல்லவி: 'எல்லாவற்றுக்கும் காரணம் யூதர்கள்தான்'. மழை பெய்தாலும், மின்னல் வெட்டினாலும், தும்மினாலும், போன் எங்கேஜாக இருந்தாலும் குற்றம் யூதர்கள்மேல். யூதரான ஹொலெண்டர் இதற்குச் சொந்த மெட்டுப் போடவில்லை. பிஸேயின் 'கார்மென்' ஆபராவில் வரும் ஹாபனேரா என்ற பாட்டின் மெட்டை அப்படியே எடுத்துக்கொண்டார். பிஸேயும் அதை இராடியர் என்ற ஸ்பானியரிடமிருந்து எடுத்தவர்தான், அது வேறு கதை. எல்லோருக்கும் தெரிந்த, உடம்பை ஆட்டிவிடும் மெட்டு. முட்டாள்தனமான வரியைக் கூட்டம் கூடவே முணுமுணுக்க ஆரம்பிக்கும், பிறகுதான் தன் வாயில் என்ன வருகிறது என்று உறைக்கும். 1931இல் தெருவில் நாஜிகளின் பழுப்புச் சட்டைக்காரர்கள் திரிந்துகொண்டிருந்தபோது இதை மேடையேற்றத் தைரியம் வேண்டும். அது எத்தனை பேர் மனதை மாற்றியிருக்கும் என்பது வேறு கேள்வி. கேபரேக்கு வந்து கைதட்டியவர்கள் ஏற்கெனவே அவர் கட்சி.

அதே 1931இல் ராபர்ட் சியோட்மாக் இயக்கிய 'தன்னைக் கொல்பவனைத் தேடியவன்' என்ற இருட்டு நகைச்சுவைப் படம் வந்தது. தற்கொலைக்குத் துணிவில்லாமல் தன்னைக் கொல்ல ஆள் அமர்த்திவிட்டு, பிறகு காதல் வந்து உயிர்மேல் ஆசைப்படும் இளைஞனாக ஹைன்ஸ் ரூமன். இதில் ஹொலெண்டர் இசையோடு நிற்காமல், 'வெள்ளை வெஸ்ட்' என்ற திருட்டுக் கூட்டத்தின் தலைவராக நடித்தார். பியானோ இல்லாமல் அவருக்குக் கிடைத்த வேஷம் இது. படத்தின் சுருக்கப்பட்ட வடிவம் மட்டுமே இன்று மிஞ்சியிருக்கிறது. திரைக்கதை எழுதியவர்களில் ஒருவர் பத்திரிகைத் தொழிலிலிருந்து வந்த 24 வயது இளைஞர், பெயர் பில்லி வைல்டர்.

1933 பிப்ரவரியில் ஹொலெண்டர் இயக்கிய படமும் வெளிவந்தது. லிலியன் ஹார்வி நடித்த 'நானும் பேரரசியும்', ஊஃபாவின் ஆடம்பரத் தயாரிப்பு, மூன்று மொழிகளில். ஹிட்லர் பதவிக்கு வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. அந்த மாதக் கடைசியில் நாடாளுமன்றக் கட்டடம் எரிந்தது. மார்ச் 29 அன்று ஊஃபா நிர்வாகம் யூத ஊழியர்களை நீக்க முடிவெடுத்தது. 36 வயதில் இயக்குநராகத் தொடங்கிய பயணம் ஒரே படத்தோடு நின்றது. அவர் இரண்டாவது மனைவியான நடனக் கலைஞர் ஹெடி ஷூப்புடன் பாரிஸ் போனார். அங்கே ஹோட்டல் அன்ஸோனியாவில் வைல்டர், வாக்ஸ்மன், பீட்டர் லோரே என்று பெர்லின் சினிமாவின் ஒரு பகுதியே அறை எடுத்துத் தங்கியிருந்தது. 'நீலத் தேவதை'யை ஜெர்மனியில் தடைசெய்தார்கள்.

1934இல் ஹாலிவுட். பெயர் ஃப்ரெடரிக் ஹாலண்டர் ஆனது. முதல் வேலையாக அங்கேயும் ஒரு டிங்கல் டாங்கல் திறந்து பார்த்தார். ஓடவில்லை. பெர்லின் கேபரேக்கு அன்றைய பேப்பர் வேண்டும், அதைப் படித்துவிட்டு வரும் கூட்டம் வேண்டும், கூட்டத்துக்கும் மேடைக்கும் ஒரே கொச்சை மொழி வேண்டும். கலிபோர்னியாவில் இவற்றுக்கு எங்கே போவது? பாராமவுண்டில் பாட்டு எழுதும் வேலை கிடைத்தது, பிறகு பின்னணி இசை.

இந்த இருபது வருடத்தை வேகமாகத் தாண்டிவிடலாம். நல்ல வேலை ஏராளம், ஆனால் ஆளைப் பார்க்க முடியாத வேலை. 'ஹியர் கம்ஸ் மிஸ்டர் ஜோர்டன்', 'த மேன் ஹூ கேம் டு டின்னர்', 'பார்ன் யெஸ்டர்டே' என்று பட்டியல் நீளும். 1937இல் 'விஸ்பர்ஸ் இன் த டார்க்' பாட்டு, 1942இல் 'த டாக் ஆஃப் த டவுன்' பின்னணி இசை, 1948இல் 'திஸ் இஸ் த மொமென்ட்' பாட்டு, 1953இல் 'த 5,000 ஃபிங்கர்ஸ் ஆஃப் டாக்டர் டி'; இந்த நான்குக்குத்தான் ஆஸ்கர் பரிந்துரை. கடைசிப் படம் விசித்திரமானது. டாக்டர் ஸூஸ் கதையும் பாட்டும் எழுதிய குழந்தைகள் கற்பனை. கொடுங்கோல் பியானோ ஆசிரியர் ஒருவர் 500 சிறுவர்களை ஒரே பிரம்மாண்ட பியானோ முன்னால் உட்காரவைக்கத் திட்டமிடுகிறார். மற்ற வாத்தியம் வாசிப்பவர்கள் பாதாளச் சிறையில். பியானோவை நம்பியே வாழ்ந்த மனிதருக்கு இப்படி ஒரு படம் அமைந்தது வேடிக்கைதான். வெளியானபோது படுதோல்வி.

இடையில், 1941இல், அகதிகளைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நாவலும் எழுதினார். முன்னுரை தாமஸ் மான். 'நீலத் தேவதை'யின் மூலக்கதை எழுதிய ஹைன்ரிஹ் மானின் தம்பி.

டீட்ரிஹ் மட்டும் அவரைத் தேடி வந்துகொண்டே இருந்தார். 1939இல் 'டெஸ்ட்ரி ரைட்ஸ் அகெய்ன்' என்ற கௌபாய் படத்தில் மதுக்கடைப் பாடகியாக டீட்ரிஹ் பாடும் 'பின்னறைப் பையன்கள் என்ன குடிக்கிறார்கள் என்று கேள்' பாட்டு அவருடைய மெட்டு, வரி ஃப்ராங்க் லெஸ்ஸர். தொப்பியும் குதிரையும் இருந்தாலும் அந்த மதுக்கடை டெக்ஸாஸில் இல்லை, பெர்லினின் குர்ஃபூர்ஸ்டென்டாம் தெருவில்தான் இருக்கிறது என்று கேட்ட காது சொல்லும்.

பிறகு 1948, வைல்டரின் 'எ ஃபாரின் அஃபேர்'. வெளிப்புறக் காட்சிகள் 1947 கோடையில் நிஜ பெர்லின் இடிபாடுகளில் எடுக்கப்பட்டவை. கேபரே 'லோரெலை' ஹாலிவுட் செட். டீட்ரிஹ் வேஷம் எரிகா, நாஜிப் பெரும்புள்ளியின் முன்னாள் காதலி, இப்போது அமெரிக்க அதிகாரி ஒருவரின் தயவில் பிழைக்கும் பாடகி. போர்க்காலம் முழுவதும் நாஜிகளுக்கு எதிராக அமெரிக்கப் படைவீரர்கள் முன்னால் பாடிய டீட்ரிஹ் இந்த வேஷத்தைப் போட எளிதில் சம்மதித்திருக்கமாட்டார் என்றுதான் நினைக்கத் தோன்றும். மேடையில் அவருக்குப் பின்னால் பியானோவில் ஹொலெண்டர், 18 வருடத்துக்கு முன்னால் இருந்த அதே இடத்தில்.

இந்தப் படத்துக்கு அவர் கொடுத்த மூன்று பாட்டுகள் அவருடைய அமெரிக்க வேலையிலேயே உச்சம் என்பது என் எண்ணம். 'பிளாக் மார்க்கெட்' கறுப்புச்சந்தைப் பட்டியல். எதையும் எதற்கும் மாற்றிக்கொள்ளலாம், விற்பவளையும் சேர்த்து. 'இல்யூஷன்ஸ்' பாட்டில் எரிகா கனவுகளைப் பழைய சாமான் கடைக்காரியின் குரலில் கூவி விற்கிறாள். கொஞ்சம் பயன்படுத்தியவை, இரண்டாம் கை. 'ரூயின்ஸ் ஆஃப் பெர்லின்' ஆங்கிலத்தில் தொடங்கி, ஊரைப் பங்குபோட்ட படைகளின் மொழிகளுக்கெல்லாம் தாவுகிறது. கேட்பவன் எந்த மொழியில் காசு வைத்திருக்கிறானோ அந்த மொழியில் பாடவேண்டிய ஊர் அது.

இங்கே வைல்டர் செய்ததைக் கவனிக்கவேண்டும். பியானோ வாசிப்பதுபோல நடிக்க ஹாலிவுட்டில் துணைநடிகர்களுக்குப் பஞ்சமா? அவருக்கு வேண்டியது பழைய பெர்லினின் சாட்சி. தோற்ற ஊரில், வென்ற படையின் சிப்பாய்கள் குடித்துக்கொண்டிருக்கும் மேடையில், அந்த ஊரைவிட்டுப் போன இருவர் உட்கார்ந்து அந்த ஊர்ப் பாட்டைப் பாடுகிறார்கள். வைல்டரின் அம்மா நாஜிகளின் கையில் மாண்டவர். படம் சிரிப்புப் படம்தான். ஆனால் அந்த மேடைக் காட்சிகள் வரும்போது சிரிப்பு தொண்டையில் நிற்கிறது.

ஹொலெண்டர் வைல்டருக்காக 1954இல் 'ஸப்ரினா'வுக்கும் இசை செய்தார். அதில் பெரும்பங்கு 'இஸன்ட் இட் ரொமான்டிக்' போன்ற மற்றவர்களின் மெட்டுகளைக் காட்சிக்கேற்ப வளைத்துக் கொடுப்பது. சுத்தமான வேலை, முகமில்லாத வேலை.

ஐம்பதுகளின் நடுவில் அவர் ஜெர்மனிக்குத் திரும்பினார், பெர்லினுக்கல்ல, மியூனிக்குக்கு. 'க்ளைனே ஃப்ரைஹைட்' என்ற சிறிய அரங்கில் ரெவ்யூக்கள் போட்டார். மரியாதை இருந்தது, பழைய சூடு இல்லை. அடுக்குமாடியும் ஃபோக்ஸ்வாகனும் வாங்கிக்கொண்டிருந்த மேற்கு ஜெர்மனிக்கு 1931இல் என்ன பாடினோம் என்று யாரும் நினைவுபடுத்துவது பிடிக்கவில்லை. 1960இல் 'ஸ்பெஸார்ட் பேய்மாளிகை' என்ற வேடிக்கைப் படத்துக்கு அவர் போட்ட இசை நன்றாக ஓடியது. நாயகி லிஸெலோட்டே புல்வர். மறுவருடம் பொட்டெம்கின் ஹோட்டலில் மேசைமேல் ஏறி ஆடியவர்.

மீண்டும் அந்த வாழைப்பழப் பாட்டு. மூலம் 1923இல் அமெரிக்காவைப் பைத்தியமாக்கிய 'யெஸ், வீ ஹேவ் நோ பனானாஸ்'. கடையில் வாழைப்பழம் இல்லை என்பதை 'ஆமாம்' என்று தொடங்கிச் சொல்லும் கடைக்காரர் பாட்டு. அதன் ஜெர்மன் வடிவத்தில் கதை மாறிவிடும். காதலன் என்னென்னவோ தருகிறேன் என்கிறான். காதலி கேட்பதோ, போயும் போயும் வாழைப்பழம். கிழக்கு பெர்லினில் வாழைப்பழம் கிடைப்பது குதிரைக்கொம்பு என்பதால் ஜோக் இரண்டு பக்கமும் வெட்டுகிறது. அந்த ஜெர்மன் வரியை எழுதியவர் ஃப்ரிட்ஸ் லெனர் பேடா, இசையமைப்பாளர் லெஹாரின் ஆபரெட்டாக்களுக்கும் எழுதியவர். ஹிட்லருக்கு லெஹார் இசை உயிர். லெனர் பேடாவை 1942 டிசம்பரில் ஆஷ்விட்ஸ் மோனோவிட்ஸ் முகாமில் அடித்துக் கொன்றார்கள். இருபதுகளின் வரி, இருபதுகளின் பியானோக்காரர், கம்யூனிஸ்ட் ஹோட்டல். இதைத் தேர்ந்தெடுத்தது தற்செயல் என்று நான் நம்பமாட்டேன், ஆனால் வைல்டர் இதையெல்லாம் விளக்கிக்கொண்டு நிற்கிற ஆள் இல்லை. காட்சி ஓடிக்கொண்டே இருக்கும்.

படப்பிடிப்பு பெர்லினில் நடந்துகொண்டிருந்தபோதே, 1961 ஆகஸ்ட் 13 அன்று, கிழக்கையும் மேற்கையும் பிரிக்கும் பெர்லின் சுவர் எழும்பியது. பிராண்டன்பர்க் வாயிலை மியூனிக்கின் பவேரியா ஸ்டூடியோவில் செட் போட்டு மிச்சத்தை எடுத்தார்கள். சுவரைத் தாண்ட முயன்று சுட்டுக் கொல்லப்பட்டவர்களின் செய்தி பேப்பரில் வந்துகொண்டிருந்த சமயம், கிழக்கையும் மேற்கையும் கேலி செய்யும் படத்துக்கு யார் சிரிப்பார்கள்? படம் விழுந்தது.

ஹொலெண்டரின் அந்தப் பழைய வால்ட்ஸ் மட்டும் யார் யார் வாயிலோ அலைந்தது. 1962 டிசம்பரில் ஹாம்பர்க்கின் ஸ்டார் கிளப்பில், இன்னும் பெரிதாகப் பெயர் வாங்காத பீட்டில்ஸ் அதைப் பாடிய ஒலிப்பதிவு இருக்கிறது. பாடுவது பால் மெக்கார்ட்னி. கேட்டால் காதில் ஈயம் காய்ச்சி ஊற்றியதுபோல இருக்கும், ஆனாலும் கேட்கலாம்.

1965இல் அவர் தன் வாழ்க்கைக் கதையை எழுதினார். தலைப்புக்கு அந்தப் பாட்டிலிருந்தே 'உச்சி முதல் உள்ளங்கால் வரை' என்று எடுத்துக்கொண்டார். 1976 ஜனவரி 18 அன்று, 79 வயதில், மியூனிக்கில் இறந்தார்.

ஒன்பது வருடம் கழித்து, 1985இல், 'ஒன், டூ, த்ரீ' மேற்கு ஜெர்மனியில் மறுபடி வெளியானது. சுவர் அப்படியே நின்றது, ஆனால் மக்கள் அதற்குப் பழகியிருந்தார்கள். மேற்கு பெர்லின் திரையரங்குகளில் கூட்டம் அலைமோதியது. பொட்டெம்கின் காட்சியில் கிழவர் கையசைத்து வாழைப்பழப் பாட்டைப் பாட, அரங்கு சிரித்தது. சுவருக்கு அந்தப் பக்கம் வாழைப்பழத்துக்கு அப்போதும் வரிசையில்தான் நிற்கவேண்டியிருந்தது.